பைட்டும் எண்ணும்: இரும மாற்று லைப்ரரி ஒன்றை அடியிலிருந்து எழுதும் முழு வழிகாட்டி

251, 46. ஒரு கோப்பில் அடுத்தடுத்து இந்த இரண்டு பைட் இருக்கின்றன. வெப்பமானி ஒன்று எழுதிய கோப்பு அது. டிகிரியை நூறால் பெருக்கி 16 பிட்டில் வைத்திருக்கிறது. அப்படியானால் அளவு எவ்வளவு? −12.34 டிகிரியா, 643.02 டிகிரியா, 120.27 டிகிரியா?

மூன்றுக்குமே கணக்கு உண்டு. பெரிய பைட் முதலில் வருகிறது, எண்ணுக்குக் கூட்டல் கழித்தல் குறி உண்டு என்று படித்தால் முதல் விடை. குறியை மறந்துவிட்டால் இரண்டாவது. வரிசையைத் திருப்பிப் படித்தால் மூன்றாவது. 643 என்று வந்தால் யாருக்கும் சந்தேகம் வரும். 120.27தான் வில்லங்கம். ஏதோ சூடான இடம் போல என்று நாமே ஒரு காரணம் கற்பித்துக்கொண்டு போய்விடுவோம். ஒருமுறை குளிர்பதன அறை ஒன்றின் பதிவுகளைப் படிக்கும்போது −12க்குப் பதில் 65524 வந்தது. கருவிதான் கெட்டுவிட்டது என்று அரை நாள் வாதாடினேன். கருவி சரியாகத்தான் இருந்தது, நான் படித்த விதம்தான் தப்பு.

இரும மாற்று லைப்ரரி என்றால் பைட்டுகளை எண்ணாகவும் எழுத்தாகவும் மாற்றுகிற, திரும்ப அவற்றைப் பைட்டாக்குகிற சில கோப்புகள். கூட்டல், பெருக்கல், பிட் நகர்த்தல் தவிர அதில் பெரிய கணக்கு எதுவும் இல்லை. எழுதியவரும் படிப்பவரும் எதை ஒப்புக்கொண்டார்கள் என்பதை மறைக்காமல் நிரலில் சொல்லிவைப்பதுதான் அதன் முக்கால்வாசி வேலை. நீங்கள் சியில் எழுதலாம், கோ, ஜாவா, பைத்தான், ரஸ்ட் எதிலும் எழுதலாம். அதனால் எந்த மொழியின் நிரல் வரியும் இங்கே இல்லை, கணக்கை எண்களாகவே காட்டுகிறேன். ஒரு சின்ன வெப்பநிலைக் கோப்பை எடுத்துக்கொண்டு கடைசிவரை அதையே பிடித்துக்கொண்டு போவோம்.

முதல் படி: நிரலைத் தொடுமுன் அட்டவணை

எடிட்டரைத் திறக்காதீர்கள். ஒரு தாளில் கோப்பின் அமைப்பை எழுதுங்கள். ஒவ்வொரு புலத்துக்கும் நான்கு விஷயம் வேண்டும்: எத்தனை பைட், குறி உண்டா, வரிசை எது, அலகு எது. நம்முடைய கோப்பு இப்படி:

அடையாளம்: 8 பைட், எப்போதும் 137, 84, 77, 80, 13, 10, 26, 10
பதிப்பு எண்: 1 பைட்
பதிவுகளின் எண்ணிக்கை: 4 பைட், குறி இல்லை
ஒவ்வொரு பதிவிலும் நேரம்: 8 பைட், குறி உண்டு, 1970 ஜனவரி 1 முதல் நொடிகள்
வெப்பநிலை: 2 பைட், குறி உண்டு, டிகிரியின் நூறில் ஒரு பங்கு
பெயரின் நீளம்: மாறும் அகலம், எண்ணுவது பைட்டை, எழுத்தை அல்ல
பெயர்: யூடிஎஃப்-8 (யூனிகோடு எழுத்துகளைப் பைட்டாக்கும் முறை)
கோப்பின் முடிவில் சரிபார்ப்பு எண்: 4 பைட், சிஆர்சி-32 (முந்தைய பைட் எல்லாவற்றிலிருந்தும் கணக்கிடுவது, சேதம் இருந்தால் காட்டிக்கொடுக்கும்)

எல்லா எண்ணும் பெரிய பைட் முதலில், அதாவது பிக் எண்டியன். இன்றைய எக்ஸ்86 கணினிகள் லிட்டில் எண்டியன் (சின்ன பைட் முதலில்), ஆர்ம் சிப்புகளும் பெரும்பாலும் அப்படித்தான் ஓடுகின்றன. பிறகு ஏன் பிக்? இணைய நெறிமுறைகளின் வழக்கம் அது. அதைவிட, கோப்பை ஹெக்ஸ் (பதினாறடி எண்) பார்வையில் திறந்தால் எண்ணை இடமிருந்து வலமாக அப்படியே படிக்கலாம். நள்ளிரவில் பிழை தேடும்போது இதன் அருமை தெரியும். உங்களுக்கு லிட்டில்தான் பிடிக்கும் என்றால் அதையே வையுங்கள், ஒன்றும் கெட்டுப்போகாது. ஆனால் எழுதிவையுங்கள். டிஃப் படங்கள் இரண்டையும் ஏற்கும். அதற்காகவே கோப்பின் முதல் இரண்டு பைட்டில் எந்த வரிசை என்று சொல்லிவிடும். பிஎன்ஜி பிக் மட்டும், பிஎம்பி லிட்டில் மட்டும்.

அந்த எட்டு பைட் அடையாளம் நான் கண்டுபிடித்ததல்ல. பிஎன்ஜியின் அடையாளம் 137, 80, 78, 71, 13, 10, 26, 10. நடுவில் இருக்கும் மூன்று எழுத்தை மட்டும் மாற்றியிருக்கிறேன். அதிலுள்ள ஒவ்வொரு எண்ணும் ஒரு பொறி. 137க்கு எட்டாவது பிட் உண்டு, ஏழு பிட்டை மட்டும் கடத்தும் வழியில் போனால் அது 9 ஆகிவிடும். 13, 10 ஜோடி விண்டோஸின் வரி முடிவு, 10 மட்டும் என்றால் லினக்ஸின் வரி முடிவு. அந்த ஜோடி, வரி முடிவை ‘திருத்தும்’ நிரல்களைக் காட்டிக்கொடுக்கும். கடைசியில் தனியாக நிற்கும் 10, அதற்கு எதிர்த்திசையில் திருத்துபவர்களைக் காட்டிக்கொடுக்கும். 26 பழைய டாஸ் காலத்துக் கோப்பு முடிவுக் குறி. விண்டோஸில் கோப்பை உரை முறையில் திறந்தால் இன்றும் 10 எழுதினால் 13, 10 ஆகும், படிக்கும்போது 26 வந்ததும் கோப்பு முடிந்தது என்று நின்றுவிடும். ஆகவே இருமக் கோப்பை எப்போதும் இரும முறையில் திறங்கள். லினக்ஸில் இந்த வேறுபாடு இல்லை. அங்கே எழுதிய நிரல் விண்டோஸுக்குப் போனதும் விழுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

இரண்டாம் படி: குறியில்லா எண், எழுதவும் படிக்கவும்

லைப்ரரியின் அடித்தளம் இதுதான். 1700000000 என்ற நொடியை எடுங்கள் (அது 2023 நவம்பர் 14). 256ஆல் வகுத்துக்கொண்டே போனால் மீதிகள் 0, 241, 83, 101 என்று வரும். திருப்பிப் போட்டால் 101, 83, 241, 0. எட்டு பைட் இடம் என்பதால் முன்னால் நான்கு சுழியம். படிக்கும்போது தலைகீழ்: சுழியத்தில் தொடங்கி, ஒவ்வொரு பைட்டுக்கும் ‘இதுவரை வந்ததை 256ஆல் பெருக்கு, புதிய பைட்டைக் கூட்டு’. நிரலில் பெருக்கலுக்குப் பதில் 8 பிட் இடது நகர்த்தல், கூட்டலுக்குப் பதில் பிட்வழி ‘அல்லது’.

இப்படி எழுதினால் உங்கள் கணினி எந்த எண்டியன் என்ற கேள்வியே எழாது. ‘கணினியின் வரிசையைக் கண்டுபிடி, தேவையானால் திருப்பு’ என்று பலர் எழுதுகிறார்கள். வேண்டாம். கோப்பின் வரிசை மட்டும்தான் நமக்கு முக்கியம். வேகம் குறையுமே என்றால், ஜிசிசி, கிளாங் போன்ற கம்பைலர்கள் இந்த நகர்த்தல் வரிசையைப் பார்த்ததும் புரிந்துகொண்டு ஒன்றிரண்டு கட்டளையாகச் சுருக்கிவிடும்.

இங்கே இரண்டு குழிகள். ஜாவாவில் பைட்டுக்குக் குறி உண்டு, −128 முதல் 127 வரை. 18, 200 என்ற இரண்டு பைட்டைச் சேர்த்தால் 4808 வர வேண்டும். ஆனால் 200 அங்கே −56 ஆக உட்கார்ந்திருக்கும். அதை அப்படியே ‘அல்லது’ போட்டால் மேல் பிட் எல்லாம் ஒன்றாகி விடை −56 என்றே வரும். சேர்க்கும் முன் ஒவ்வொரு பைட்டையும் 255உடன் பிட்வழி ‘மற்றும்’ செய்யுங்கள். சியிலும் ‘கேர்’ வகைக்குக் குறி உண்டா இல்லையா என்பது தளத்துக்குத் தளம் மாறும், அதனால் எட்டு பிட் குறியில்லா வகையை மட்டும் பயன்படுத்துங்கள்.

இரண்டாவது குழி சிக்கே உரியது. குறியில்லா எட்டு பிட் எண்ணை 24 பிட் நகர்த்தினால், கம்பைலர் அதை முதலில் குறியுள்ள சாதாரண முழு எண்ணாக உயர்த்திவிடும். பைட் 128 அல்லது அதற்கு மேல் இருந்தால் குறி பிட்டுக்குள் நகர்த்துகிறீர்கள். அது வரையறுக்கப்படாத நடத்தை. முதலில் 32 பிட் குறியில்லா வகைக்கு மாற்றி, அப்புறம் நகர்த்த வேண்டும். இந்த வரிசை மாறினால் சோதனையில் பெரும்பாலும் பிடிபடாது, ஏனென்றால் நாம் சோதிக்கும் எண்கள் எப்போதும் சின்னவை.

ஃபங்ஷனுக்குப் பெயர் வைக்கும்போது கஞ்சத்தனம் வேண்டாம். ‘எண்_படி’ என்று வைத்தால் மூன்று மாதம் கழித்து உங்களுக்கே புரியாது. ‘படி_குறியிலா32_பிக்’ என்பதில் அகலம், குறி, வரிசை மூன்றும் இருக்கிறது. அழைக்கும் இடத்திலேயே தவறு கண்ணில் படும். வரிசையைச் சொல்லாமல் விட்டால் ‘இயல்பு’ ஒன்று இருக்க வேண்டியிருக்கும், அந்த இயல்பு மொழிக்கு மொழி வேறு: ஜாவாவின் பைட்பஃபர் பிக் என்று எடுத்துக்கொள்ளும், ஜாவாஸ்கிரிப்டின் டேட்டாவியூவும் பிக், அதே மொழியின் டைப்டு அரேக்கள் கணினியின் வரிசை, பைத்தானின் ஸ்ட்ரக்ட் மாட்யூலும் சொல்லாவிட்டால் கணினியின் வரிசை. இத்தனையையும் யார் நினைவில் வைத்திருப்பது?

ஜாவாஸ்கிரிப்ட் என்றதும் இன்னொன்று. அதன் வழக்கமான எண் வகை 9007199254740991 வரைதான் முழு எண்களை ஒன்றுவிடாமல் காக்கும். அதற்கு மேல் 64 பிட் எண் என்றால் பிக்இன்ட் வேண்டும்.

மூன்றாம் படி: குறி

251, 46ஐக் குறியில்லாமல் படித்தால் 251 × 256 + 46 = 64302. இதைக் குறியுள்ள எண்ணாக்க ஒரே விதி: 32768 அல்லது அதற்கு மேல் என்றால் 65536ஐக் கழி. 64302 − 65536 = −1234. நூறால் வகுத்தால் −12.34. எழுதும்போது எதிர்மறை எண்ணுக்கு 65536ஐக் கூட்டிக்கொள்ளுங்கள், மீதி இரண்டாம் படியில் சொன்னதுதான். இரண்டின் நிரப்பி என்று பாடப் புத்தகம் இரண்டு பக்கம் விளக்குவது நடைமுறையில் இந்த ஒரு கூட்டலும் கழித்தலும்தான்.

நான்காம் படி: கொள்ளாததை மறுப்பது

16 பிட் குறியுள்ள எண் −32768 முதல் 32767 வரை. நம் அலகில் 327.67 டிகிரிக்கு மேல் எழுதவே முடியாது. 400 டிகிரி வந்தால் உங்கள் ஃபங்ஷன் என்ன செய்யும்? சும்மா வெட்டினால் 40000 என்பது −25536 ஆகி, உலையின் வெப்பம் −255.36 டிகிரி என்று கோப்பில் பதியும்.

1996 ஜூன் 4 அன்று ஏரியான் 5 ராக்கெட்டின் முதல் பயணம் இதே வகைப் பிழையால்தான் முடிந்தது. கிடைமட்ட வேகத்தோடு தொடர்புடைய ஒரு 64 பிட் தசம எண்ணை 16 பிட் குறியுள்ள முழு எண்ணாக மாற்றினார்கள், அது கொள்ளவில்லை. அந்த நிரல் ஏரியான் 4இலிருந்து அப்படியே எடுக்கப்பட்டது, அங்கே அந்த எண் அவ்வளவு பெரிதானதே இல்லை. புறப்பட்டு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை, ராக்கெட் சிதறிவிட்டது. இதில் கவனிக்க வேண்டிய நுணுக்கம்: அங்கே மாற்றம் அமைதியாகத் தவறான எண்ணைத் தரவில்லை, பிழையை எழுப்பத்தான் செய்தது. எழுந்த பிழையை வாங்கிக்கொள்ள அந்த இடத்தில் ஏற்பாடு இல்லை. ஆகவே எல்லை சோதனை பாதி வேலைதான். ‘கொள்ளவில்லை’ என்ற பதிலை அழைப்பவர் புறக்கணிக்க முடியாத வடிவில் திருப்பித் தாருங்கள். உங்கள் மொழியில் அது எக்ஸப்ஷனாக இருக்கலாம், பிழை மதிப்பாக இருக்கலாம். −1 போன்ற ஒரு மாய எண்ணாக மட்டும் இருக்கக் கூடாது, ஏனென்றால் −1 என்பது ஒரு நல்ல வெப்பநிலை.

தசமத்தைப் பெருக்கும்போது வெட்டாதீர்கள், அருகிலுள்ள முழு எண்ணுக்குக் கொண்டுபோங்கள். 0.29ஐ 100ஆல் பெருக்கினால் கணினியில் 28.999999999999996 வரும். வெட்டினால் 28. தசம எண்களுக்கான ஐஇஇஇ 754 தரத்தைப் (1985) பின்பற்றும் இன்றைய இயந்திரங்கள் அநேகமாக எல்லாமே ஒரே மாதிரிதான் இதைச் செய்கின்றன, ஆகவே குறை சொல்ல ஆளில்லை.

தசம எண்ணையே நேரடியாகக் கோப்பில் வைக்க வேண்டுமென்றால், அதன் பிட்டுகளை அப்படியே ஒரு முழு எண்ணுக்குள் நகலெடுத்து (சியில் மெம்காப்பி), பிறகு இரண்டாம் படியின் ஃபங்ஷனிடம் கொடுங்கள். 32 பிட்டில் 1.0 என்பது 63, 128, 0, 0. இந்த நான்கு பைட் வந்தால் நீங்கள் சரியான பாதையில் இருக்கிறீர்கள்.

ஐந்தாம் படி: படிப்பான்

ஒவ்வொரு ஃபங்ஷனுக்கும் பஃபரையும் (பைட்டுகள் இருக்கும் நினைவகப் பகுதி) இடத்தையும் தனித்தனியாகக் கொடுத்துக்கொண்டிருந்தால் எங்காவது 2 பைட்டுக்குப் பதில் 4 நகர்த்திவிடுவோம். மூன்று புலம் உள்ள ஒரு சிறு அமைப்பு வையுங்கள்: பைட்டுகள், மொத்த நீளம், இப்போதைய இடம். படிக்கும் ஃபங்ஷன் எல்லாம் இதன் வழியாகவே போகட்டும். எத்தனை பைட் மீதி என்று பார்ப்பதும், இடத்தை நகர்த்துவதும் ஒரே ஒரு ஃபங்ஷனுக்குள் இருக்கட்டும்.

அந்தச் சோதனையை எப்படி எழுதுகிறீர்கள் என்பதில்தான் விஷயம். ‘இடம் + கேட்டது > நீளம்’ என்று எழுதினால், கேட்டது மிகப் பெரிய எண்ணாக இருக்கும்போது கூட்டல் வழிந்து சின்ன எண்ணாகி, சோதனை தாண்டிவிடும். ‘கேட்டது > நீளம் − இடம்’ என்று எழுதுங்கள். இடம் ஒருபோதும் நீளத்தைத் தாண்டாது என்பதை அமைப்பே காப்பதால் இந்தக் கழித்தல் பாதுகாப்பானது.

கோப்பில் எழுதியிருக்கும் நீளத்தை நம்புவது எவ்வளவு ஆபத்து என்பதற்கு 2014இல் வெளிப்பட்ட ஹார்ட்பிளீட் போதும். ஓப்பன்எஸ்எஸ்எல் லைப்ரரியில், எதிரே இருப்பவர் ‘நான் இத்தனை பைட் அனுப்பினேன்’ என்று சொன்னதை, உண்மையில் வந்த அளவோடு ஒப்பிடாமல் நகலெடுத்துத் திருப்பி அனுப்பியது நிரல். ஒரு கேள்விக்கு 64 கிலோபைட் வரை சர்வரின் நினைவகம் கசிந்தது.

நம் கோப்பில் பதிவுகளின் எண்ணிக்கையும் இதே மாதிரிதான். நான்கு பைட்டில் 4294967295 என்று யாராவது எழுதிவைத்தால், அத்தனைக்கும் முன்கூட்டியே நினைவகம் ஒதுக்கக் கிளம்பாதீர்கள். ஒரு பதிவு குறைந்தது 11 பைட் (நேரம் 8, வெப்பம் 2, நீளம் 1). சரிபார்ப்பு எண்ணின் 4 பைட்டைத் தள்ளி, மீதமுள்ளதை 11ஆல் வகுத்தால் அதிகபட்சம் எத்தனை பதிவு இருக்க முடியும் என்று தெரிந்துவிடும். அதற்கு மேல் சொன்னால் கோப்பு பொய் சொல்கிறது.

ஆறாம் படி: மாறும் அகலமும் தமிழ்ப் பெயரும்

பெயரின் நீளத்துக்கு வேரின்ட் முறை. எண்ணை ஏழு ஏழு பிட்டாக, கீழிருந்து மேலாக எழுத வேண்டும். இன்னும் பாக்கி இருந்தால் அந்த பைட்டில் 128ஐக் கூட்ட வேண்டும். 300 என்பது 2 × 128 + 44. ஆகவே முதல் பைட் 44 + 128 = 172, அடுத்தது 2. கூகுளின் புரோட்டோகால் பஃபரில் இருப்பதும் இதே முறை. 127 வரை ஒரே பைட்டில் முடிந்துவிடும்.

படிக்கும்போது முடிவில்லாமல் படித்துக்கொண்டே போகாதீர்கள். 64 பிட் எண்ணுக்குப் பத்து பைட்தான் உச்சம், பதினொன்றாவது வந்தால் பிழை. 128, 0 என்ற ஜோடியும் சுழியம்தான், 0 என்ற ஒற்றை பைட்டும் சுழியம்தான். ஒரே எண்ணுக்கு இரண்டு வடிவம் இருந்தால் கையொப்பமிடும் இடங்களில் தலைவலி வரும். நான் நீண்ட வடிவத்தை மறுத்துவிடுவேன். எதிர்மறை எண்ணுக்கு வேரின்ட் நேரடியாகப் பொருந்தாது (−1க்குப் பத்து பைட் போய்விடும்). 0, −1, 1, −2 என்பவற்றை 0, 1, 2, 3 என்று மாற்றி வைக்கும் ஜிக்ஜாக் முறையை அதன் மேல் போட்டுக்கொள்ளலாம்.

அடுத்து பெயர். ‘அறை’ என்று வைப்போம். கண்ணுக்கு இரண்டு எழுத்து. யூனிகோடில் மூன்று குறியீடு: அ, ற, ஐகாரக் குறி. யூடிஎஃப்-8இல் ஒன்பது பைட். ஆங்கிலப் பெயர்களை வைத்து மட்டும் சோதித்தவர்களின் நிரல் நம் பெயர்களில் உடைவது இந்த இடத்தில்தான்.

அ-வின் குறியீட்டு எண் 2949. 16 பிட்டில் 0000 101110 000101 என்று 4, 6, 6 ஆகப் பிரித்து, முறையே 1110, 10, 10 என்ற முன்னொட்டுகளைச் சேர்த்தால் 11100000, 10101110, 10000101. அதாவது 224, 174, 133. இதே வழியில் ற 224, 174, 177. ஐகாரக் குறி 224, 175, 136. நீளப் புலத்தில் 9 என்று எழுத வேண்டும், 2 என்றோ 3 என்றோ அல்ல.

பெயரை 8 பைட்டுக்கு வெட்டச் சொன்னால் ஒரு குறியீட்டின் நடுவில் வெட்டு விழுந்து, கடைசியில் குப்பை நிற்கும். வெட்டுவது லைப்ரரியின் வேலை இல்லை, அதை அழைப்பவரிடம் விடுங்கள். படிக்கும்போது யூடிஎஃப்-8 செல்லுமா என்று பார்த்துவிடுங்கள். உதாரணமாக, 251 என்ற பைட் யூடிஎஃப்-8இல் எங்குமே வரக் கூடாது.

இன்னொரு நம்மூர்ச் சிக்கல். கொ என்பதில் உள்ள ஒகரக் குறியை ஒரே குறியீடாகவும் எழுதலாம், எகரக் குறியும் காலும் என்று இரண்டாகவும் எழுதலாம். திரையில் அச்சு அசல் ஒன்றேபோல் தெரியும். பைட் கணக்கில் முதலாவது 3, இரண்டாவது 6. ஒப்பிட்டால் வேறு வேறு. லைப்ரரி இதைத் தானாகத் ‘திருத்த’ வேண்டுமா? வேண்டாம் என்பது என் கட்சி. வந்த பைட்டை அப்படியே கொடு. தேடல், ஒப்பீடு செய்கிறவர் ஒரே வடிவத்துக்கு இயல்பாக்கிக்கொள்ளட்டும்.

ஏழாம் படி: உரையாகக் கடத்த, ஹெக்ஸும் பேஸ்64உம்

ஜேசன், மின்னஞ்சல் போன்ற உரை வழிகளில் பைட்டை நுழைக்க இவை. ஹெக்ஸ் எளிது: ஒரு பைட்டுக்கு இரண்டு எழுத்து, அளவு இரட்டிப்பாகும். படிக்கும்போது பெரிய எழுத்து, சின்ன எழுத்து இரண்டையும் ஏற்கவும். எழுத்துகளின் எண்ணிக்கை ஒற்றைப்படை என்றால் மறுக்கவும். அவ்வளவுதான்.

பேஸ்64இல் மூன்று பைட் நான்கு எழுத்தாகும். அ-வின் 224, 174, 133ஐ 24 பிட்டாக எழுதி ஆறு ஆறாகப் பிரித்தால் 111000, 001010, 111010, 000101. எண்ணாக 56, 10, 58, 5. அட்டவணையில் 0 முதல் 25 வரை ஆங்கிலப் பெரிய எழுத்துகள், 26 முதல் 51 வரை சின்ன எழுத்துகள், 52 முதல் 61 வரை இலக்கங்கள். ஆகவே விடை 4, பெரிய கே, 6, பெரிய எஃப். கடைசி இரண்டு இடங்கள், அதாவது 62உம் 63உம், கூட்டல் குறியும் சாய்கோடும். இணைய முகவரிக்குள் அவை தொல்லை தரும் என்பதால் அங்கே சிறுகோடும் அடிக்கோடும் வரும். இரண்டு அட்டவணையும் 2006இல் வந்த ஆர்எஃப்சி 4648இல் இருக்கின்றன. வெளியீட்டின் நீளத்தைக் கணக்கிட, பைட் எண்ணிக்கையோடு 2 கூட்டி, 3ஆல் முழு எண்ணாக வகுத்து, 4ஆல் பெருக்குங்கள்.

ஒரே பைட் மிஞ்சினால் இரண்டு எழுத்தும் இரண்டு சமக்குறியும், இரண்டு பைட் மிஞ்சினால் மூன்று எழுத்தும் ஒரு சமக்குறியும். பைட் 102ஐ மட்டும் எழுதினால் 25, 32 என்று வரும், கடைசி நான்கு பிட் வெறும் சுழிய நிரப்பு. கண்டுகொள்ளாத லைப்ரரி ஒன்றிடம் 25, 33 கொடுத்தாலும் அதே 102 வரும், ஏனென்றால் அந்த நான்கு பிட்டை அது பார்க்காமலே தூக்கிப் போட்டுவிடும். நீங்கள் பார்த்து, சுழியம் இல்லையென்றால் மறுத்துவிடுங்கள். அப்புறம், பேஸ்64 பூட்டு அல்ல. கடவுச்சொல்லை அதில் மாற்றிவிட்டு ‘என்கிரிப்ட் செய்துவிட்டோம்’ என்று சொல்பவர்களை இன்னும் பார்க்கிறேன்.

எட்டாம் படி: சரிபார்ப்பு எண்

சிஆர்சி-32ஐ நீங்களே எழுத வேண்டியதில்லை. ஸீலிப் என்ற சுருக்க லைப்ரரியில் இருக்கிறது, பைத்தான், ஜாவா, கோ எல்லாவற்றின் நிலையான லைப்ரரியிலும் இருக்கிறது. ஆனால் அதே பெயரில் கொஞ்சம் வேறுபட்ட வகைகளும் உலாவுகின்றன. உங்களிடம் இருப்பது எது என்று தெரிய, 1 முதல் 9 வரையான ஒன்பது இலக்கங்களை எழுத்தாக, அதாவது 49 முதல் 57 வரையான பைட்டுகளாகக் கொடுங்கள். ஜிப், பிஎன்ஜி பயன்படுத்தும் வகை என்றால் 3421780262 வரும். தற்செயலான சேதத்தை இது பிடிக்கும், வேண்டுமென்றே மாற்றியவரைப் பிடிக்காது.

ஒன்பதாம் படி: கோப்புகளாகக் கட்டுவது

சி என்றால் ஒரு ஹெடர், ஒரு மூலக் கோப்பு. இவ்வளவு சின்ன லைப்ரரியை அப்படியே மற்றவர் திட்டத்துக்குள் நகலெடுக்கக் கொடுப்பதுதான் வசதி. பகிர்வு லைப்ரரியாகக் கட்டினால் (லினக்ஸில் எஸ்ஓ, விண்டோஸில் டிஎல்எல், மேக்கில் டைலிப்) ஒன்றைக் கவனியுங்கள்: படிப்பான் அமைப்பின் உள்புலங்களை ஹெடரில் காட்டாதீர்கள். காட்டினால், நாளை ஒரு புலம் சேர்த்தாலே பழைய நிரல்கள் எல்லாம் தவறான இடத்தில் படிக்கும்.

அமைப்பை நினைவகத்திலிருந்து நேராகக் கோப்பில் கொட்டும் குறுக்குவழியும் வேண்டாம். ஒரு பைட்டும் நான்கு பைட் எண்ணும் கொண்ட அமைப்பு ஐந்து பைட் என்று நினைப்போம், வழக்கமான கம்பைலர் நடுவில் மூன்று பைட் பேடிங் (வெற்று நிரப்பு) வைத்து எட்டாக்கிவிடும். அந்த மூன்று பைட்டில் பழைய நினைவகக் குப்பை கோப்புக்குள் போய்விடலாம்.

விண்டோஸில் ‘டிஎல்எல் காணவில்லை’ என்று செய்தி வந்தால், அந்தக் கோப்பை மட்டும் தனியாகத் தரும் தளங்களில் இறக்காதீர்கள். உள்ளே என்ன இருக்கிறது என்று யாருக்கும் தெரியாது, 32 பிட்டுக்கு 64 பிட் என்று பொருந்தாமலும் போகும். நிரலை மறுபடி நிறுவுவதுதான் வழி.

பத்தாம் படி: உடைத்துப் பார்ப்பது

எழுதிப் படித்தால் அதே எண் திரும்ப வருகிறதா என்பது முதல் சோதனை. அது போதாது. இரண்டு பக்கமும் ஒரே தப்பைச் செய்தால் தப்பும் தப்பும் சேர்ந்து சரியாகிவிடும். அதனால் வெளியிலிருந்து தெரிந்த விடைகளையும் வையுங்கள்: 1.0க்கு 63, 128, 0, 0. 300க்கு 172, 2. −1234க்கு 251, 46. எல்லை எண்களை விடாதீர்கள்: 0, 127, 128, 255, 256, 32767, −32768, எதிர்பார்த்தே தோற்க வேண்டிய 32768. பிக் எண்டியன் கணினி கையில் இல்லையென்றால் கியூஎமு என்ற எமுலேட்டரில் எஸ்390எக்ஸ் (ஐபிஎம் மெயின்ஃபிரேம்) தளத்தைப் போலச் செய்து அங்கே ஒருமுறை ஓட்டலாம்.

ஒரே ஒரு பதிவுள்ள மாதிரிக் கோப்பு:

137, 84, 77, 80, 13, 10, 26, 10
1
0, 0, 0, 1
0, 0, 0, 0, 101, 83, 241, 0
251, 46
9
224, 174, 133, 224, 174, 177, 224, 175, 136
இவற்றின் சிஆர்சி, 4 பைட்

மொத்தம் 37 பைட். இதை 0 பைட்டிலிருந்து 36 பைட் வரை ஒவ்வொரு நீளத்திலும் வெட்டிக் கொடுங்கள், 37 கோப்பு. அப்புறம் முழுக் கோப்பில் ஒவ்வொரு பிட்டாகத் திருப்பிக் கொடுங்கள், 37 × 8 = 296 கோப்பு. இந்த 333உம் பிழை என்று அமைதியாகத் திரும்ப வேண்டும். ஒன்றுகூட ஏற்கப்படக் கூடாது, ஒன்றுகூட நிரலை விழவைக்கக் கூடாது. ஓட ஒரு நொடி ஆகாது.

நான் முதன்முதலில் ஓட்டியபோது பிட் திருப்பியதில் ஒன்றுமே ஆகவில்லை. விழுந்தது 3 பைட் கோப்பில். சிஆர்சி எங்கிருந்து தொடங்குகிறது என்று பார்க்க, நீளத்தைச் சோதிக்காமல் அதிலிருந்து 4ஐக் கழித்திருந்தேன். 3 − 4, 32 பிட் குறியில்லா எண்ணில், 4294967295.